வழக்குரைத்த பின்னரே குளிர்த்தி

பழிக்குப் பழி வாங்கும் கதைகளைப் பற்றி நம்மிடையே ஓர் அபிப்பிராயம் நெடுங்காலமாக நிலைபெற்றிருக்கிறது. ஆங்கில இலக்கியம் கற்பிக்கும் ஆசிரியர்களும், கூத்தையும் காவியத்தையும் ஆராயும் பண்டிதர்களும் வேறு எத்தனையோ விஷயங்களில் ஒருவரோடொருவர் ஒத்துப்போகாதவர்களாயினும், இந்த ஒரு விஷயத்தில் ஒரே குரலில் பேசுகிறார்கள். முதலாம் ஜேம்ஸ் மன்னன் இங்கிலாந்தை ஆண்ட 1603 முதல் 1625 வரையான காலத்தில் லண்டன் அரங்குகளில் ஆடப்பட்ட பழிவாங்கல் நாடகங்கள் கொலைவெறியைக் காட்டிக் கூட்டம் சேர்த்தவை என்றும், நம் மரபோ சாந்தத்தை நாடி, மேடையில் மரணத்தைக் காட்டாது, மங்களம் பாடி நிறைவு செய்வதென்றும், கண்ணகி கதைகூடக் கற்பின் மாண்பையும் ஊழின் வலிமையையும் உணர்த்த வந்ததேயன்றிப் பழியைப் பேச வந்ததன்று என்றும், அதனாலன்றோ மட்டக்களப்பு மக்கள் அவளை எரித்தவளாக வணங்காமல் குளிர்ந்தவளாக வணங்குகிறார்கள் என்றும் அவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். பாடசாலையில் எனக்கும் அவ்வாறே கற்பித்தார்கள். கற்பித்தவர்கள் நல்லவர்கள், அவர்களிடத்தில் எனக்குள்ள மரியாதை இன்றும் குறையவில்லை. ஆயினும் அவர்கள் சொன்னது இரு திசையிலும் பிழை என்பதும், லண்டன் நாடகத்தையும் அவர்கள் சரியாக வாசிக்கவில்லை, வாவிக்கரைக் கோயிலில் படிக்கப்பட்ட கதையையும் சரியாகக் கேட்கவில்லை என்பதும் என் திடமான எண்ணம்.

முதலில் லண்டனை எடுத்துக்கொள்வோம். 1607இல் ஆசிரியர் பெயரின்றி அச்சேறிய நாடகம் ஒன்று உண்டு. பழிவாங்குவோன் அவலம் என்று அதன் பெயரைத் தமிழாக்கலாம். நெடுங்காலம் சிறில் ரேணர் என்பவருடையதாகக் கருதப்பட்டு, இக்கால ஆராய்ச்சியாளர் பெரும்பாலோரால் தோமஸ் மிடில்டனுக்கு உரியதாகக் கொள்ளப்படும் அந்நாடகம் தொடங்கும்போது விண்டிசே என்னும் இளைஞன் ஒரு மண்டையோட்டைக் கையில் ஏந்தி நிற்கிறான். அது அவன் காதலித்த பெண்ணின் தலை. நாட்டை ஆளும் முதிய கோமகன், தன் இச்சைக்கு அவள் இணங்காத ஒரே காரணத்தால், ஒன்பது ஆண்டுகளுக்கு முன் நஞ்சூட்டிக் கொன்ற பெண்ணின் தலை. பின்னர் அந்த மண்டையோட்டுக்கே ஆடை அணிவித்து, முகத்திரையிட்டு, வாயில் நஞ்சு தடவி, இருளான இடமொன்றில் நிறுத்தி, கோமகன் தன் காமத்தாலேயே அதை முத்தமிட்டு மடியும்படி செய்கிறான் விண்டிசே. இந்த ஒரு காட்சியைச் சொல்லி முகஞ்சுளிப்பதோடு நம் ஆசிரியர்கள் நாடகத்தை மூடிவிடுகிறார்கள்.

ஆனால் இந்தக் காட்சிக்கு வெகு முன்னரே, முதல் அங்கத்தில், ஒரு நியாயஸ்தலம் வருகிறது. கோமகனின் இரண்டாம் மனைவி கூட்டிவந்த இளைய மகன், அந்தோனியோ என்னும் பிரபுவின் மனைவியைப் பலாத்காரம் செய்திருக்கிறான், குற்றம் வெளிப்படை, குற்றவாளி நீதிபதிகளின் முன்னிலையிலேயே பரிகாசம் பேசுகிறான், மரணதண்டனையை உச்சரிக்க நீதிபதி வாயெடுக்கும் தறுவாயில், சிம்மாசனத்திலிருக்கும் கோமகன் குறுக்கிட்டுத் தீர்ப்பை இன்னொரு நாளைக்கு ஒத்திவைத்துவிடுகிறான். நாடகம் முழுவதையும் இயக்கும் அச்சாணி மண்டையோடன்று, இந்த ஒத்திவைப்பே. அந்தோனியோவின் மனைவி நஞ்சுண்டு மாய்ந்து கிடக்கையில், அவளுடைய உடலைச் சுற்றி நின்று பிரபுக்கள் வாளின்மீது சத்தியம் செய்கிறார்களே, அந்தச் சத்தியமும், அடுத்த தவணையில் நீதிமன்றம் அவனைத் தண்டியாவிட்டால் நாங்கள் தண்டிப்போம் என்ற நிபந்தனையோடுதான் செய்யப்படுகிறது. அவர்கள் கடைசிவரை நீதிமன்றத்துக்கு இடம் வைத்தே காத்திருக்கிறார்கள். நாடகத்தில் விழுந்த பிணங்களை எண்ணிய விமர்சகர்கள் அதில் ஒத்திவைக்கப்பட்ட வழக்கை எண்ணாமல் விட்டது எத்தகைய வாசிப்பு?

ஜோன் வெப்ஸ்டர் எழுதி 1612இல் ஆடப்பட்ட வெள்ளைப் பிசாசு என்னும் நாடகத்தில் இந்த முடிச்சு இன்னும் இறுக்கமாக விழுந்திருக்கிறது. கணவனின் கொலைக்கு உடந்தையானவள் என்றும் ஒழுக்கங்கெட்டவள் என்றும் குற்றஞ்சாட்டப்பட்டு வித்தோரியா என்னும் பெண் மன்றில் நிறுத்தப்படுகிறாள். அவளைக் குற்றஞ்சாட்டுகிறவன் மொன்ரிசெல்சோ என்னும் கர்தினால். அவளுக்குத் தீர்ப்பளிப்பவனும் அவனே. இறந்த கணவனுக்கு உறவினனும் அவனே. வழக்கறிஞன் இலத்தீனில் பேசத் தொடங்க, அவள் இடைமறித்து, எனக்கு அம்மொழி விளங்கும், ஆயினும் இங்கு கூடியிருப்போரில் பாதிப்பேருக்கு விளங்காத மொழியில் என் வழக்கை நடத்த நான் சம்மதியேன் என்ற பொருள்பட மறுத்துவிடுகிறாள். வித்தோரியா குற்றமற்றவளல்லள், அதை வெப்ஸ்டர் மறைக்கவுமில்லை. இருந்தும், குற்றவாளிக்குக்கூடத் தன் வழக்கை ஊரறியக் கேட்பிக்கும் உரிமை உண்டென்பதை அந்த ஒரு மறுப்பினால் அவள் நிலைநாட்டிவிடுகிறாள். வாதியே நீதிபதியாக அமர்ந்த மன்றில் ஒரு தனிப்பெண் நிமிர்ந்து நிற்கும் அந்தக் காட்சியை வாசித்தபோது, அதை முன்னமே எங்கோ கேட்டிருக்கிறேன் என்ற உணர்ச்சி எனக்கு எழுந்தது. எங்கே கேட்டேன் என்பதைப் பின்னர் சொல்கிறேன்.

இவை வெறுங்கற்பனை என்று நினைப்பவர்கள் அக்காலச் சரித்திரத்தைச் சிறிது புரட்டிப் பார்க்கட்டும். 1613 செப்டெம்பரில் சேர் தோமஸ் ஓவர்பரி என்பவர் லண்டன் கோட்டைச் சிறையில் நஞ்சூட்டிக் கொல்லப்பட்டார். விசாரணை நடந்தபோது, ஏவியவள் பிரான்சிஸ் ஹவார்ட் என்ற சீமாட்டி என்பதும், அவளுடைய கணவனும் மன்னனின் அந்தரங்கப் பிரியனுமாகிய ரொபேர்ட் கார் அதில் சம்பந்தப்பட்டவன் என்பதும் மன்றில் தீர்மானிக்கப்பட்டன. சிறைக் காவலன், வைத்தியப் பொருள் விற்றவன், சீமாட்டியின் தோழி, கோட்டையின் அதிகாரி ஆகிய நால்வர் தூக்கிலிடப்பட்டார்கள். ஏவிய சீமாட்டியும் கணவனும் 1616இல் குற்றவாளிகளாகக் காணப்பட்ட பின்னரும் மன்னனின் கிருபையால் உயிர் தப்பினார்கள். அரசாங்கத்தின் சார்பில் அந்த வழக்கை நடத்தியவர் பிரான்சிஸ் பேக்கன். தனிமனிதர் பழிவாங்குவது சட்டத்தின் இடத்தைப் பறிப்பதாகும் என்று கட்டுரை எழுதிய அதே பேக்கன். பின்னர் நாட்டின் லோர்ட் சான்சலர் பதவியில் அமர்ந்து, கைலஞ்சம் வாங்கிய குற்றத்துக்காக 1621இல் பாராளுமன்றத்தால் வீழ்த்தப்பட்டவர். பேக்கனுடைய வாதத்தை நான் அவமதிக்கவில்லை. சட்டம் தன் கடமையைச் செய்யும் நாட்டில் அது முழு உண்மை. ஆயினும் காசு கொடுத்து வெறுந்தரையில் நின்று அந்நாடகங்களைப் பார்த்த லண்டன் சனங்கள், ஏவியவர் தப்ப ஏவப்பட்டவர் தூக்கில் தொங்குகின்ற நாட்டில் வாழ்ந்தார்கள் என்பதை நினைத்துப் பார்த்தால், கொலைவெறி பார்க்கக் கூடினார்கள் என்று அவர்களைக் குறை சொல்ல நம்மில் எவருக்கும் நாவெழாது.

இனி நம் வாவிக்கரைக்கு வருவோம்.

மட்டக்களப்பு வாவியின் கிழக்கே எழுவான்கரையிலும் மேற்கே படுவான்கரையிலும், தெற்கே தம்பிலுவில், காரைதீவு முதலாக, மகிழூர், செட்டிபாளையம், புதுக்குடியிருப்பு என்று வடக்கு நோக்கி வந்து, வாவியைக் கடந்து மகிழடித்தீவு, முதலைக்குடா, கன்னன்குடா வரையிலும் கண்ணகை அம்மன் கோயில்கள் இருக்கின்றன. கச்சான் காற்று வீசத் தொடங்கி, கிணற்று நீர் கீழே இறங்கி, மணலில் கால் வைக்க முடியாத வைகாசி மாதத்தில் அக்கோயில்களின் கதவு திறக்கப்படும். கலியாணக்கால் நடுவார்கள், இரவுதோறும் உடுக்கையின் ஒலியோடு ஏட்டிலிருந்து கதை படிக்கப்படும், நிறைவு நாளில் அம்மனைக் குளிர்விக்கும் குளிர்த்தி பாடப்பட்டுக் கதவு மறு வைகாசி வரைக்கும் சாத்தப்படும். அந்த ஏட்டுக்கு எங்கள் மக்கள் இட்ட பெயர் என்ன? கற்புக் கதை என்று இடவில்லை. ஊழ்க் கதை என்று இடவில்லை. இளங்கோவடிகளைப் போலச் சிலம்பின் பெயரால்கூட அதை வழங்கவில்லை. கண்ணகி வழக்குரை என்றார்கள். பண்டிதர் வி. சீ. கந்தையா அவர்கள் 1968இல் அதைப் பதிப்பித்து வெளியிட்டபோதும் அந்தப் பெயரிலேயே வெளியிட்டார்கள். கப்பல் வைத்த காதை, கடலோட்டு காதை, அடைக்கலக் காதை, கொலைக்களக் காதை என்று பல காதைகளைக் கொண்ட ஒரு பெருங்காவியத்துக்கு, அதில் வரும் ஒரே ஒரு செயலின் பெயரை, அதாவது ஒரு பெண் அரசன் முன் நின்று தன் வழக்கை எடுத்துரைத்த செயலின் பெயரைச் சூட்டிய சமூகம், அந்தக் கதையின் உயிர்நிலை எங்கே இருக்கிறதென்று கருதியது என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சியத்தை நான் எங்கே தேடுவேன்?

கொலை செய்தவன் யார் என்பதையும் அந்தக் காவியம் மழுப்பவில்லை. பொற்கொல்லன் பொய் சொன்னான். கொலைஞன் வாளை வீசினான். ஆனால் விசாரியாமல் கட்டளையிட்டவன் செங்கோலை ஏந்தியவன். ஆதலால் அவள் பொற்கொல்லனின் வீட்டைத் தேடிப் போகவில்லை. அரசனின் வாயிலைத் தேடிப் போனாள். கொலைப்பட்டவனின் மனைவி, கொலை செய்வித்தவனிடமே நீதி கேட்கிறாள், கேட்பதற்கு வேறு இடம் இல்லாமையால். வித்தோரியா நின்ற மன்றும் இதுவே, விண்டிசேயின் கோமகன் தீர்ப்பை ஒத்திவைத்த மன்றும் இதுவே என்பதை நான் வாசித்துக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கவில்லை. சிறு பிராயத்தில் வெண்மணலில் அமர்ந்து கேட்டிருந்தேன். எங்கள் பக்கத்து மரபோ சிலப்பதிகாரத்தையும் விஞ்சி ஒரு படி மேலே போகிறது. பாண்டியனின் சோலையில் மாங்கனியாய்த் தோன்றிப் பெண்மகவாகி, அவளால் நாட்டுக்கு அழிவு வருமென்று சொன்னவர்களின் சொற்கேட்டுப் பேழையில் வைத்துக் கடலில் விடப்பட்டு, காவிரிப்பூம்பட்டினத்து வணிகன் கையில் சேர்ந்து வளர்ந்தவள் கண்ணகி என்பது எங்கள் மரபு. அப்படியானால், கணவனைக் கொல்வித்த அரசன் அவளைப் பிறந்தவுடன் புறந்தள்ளிய தந்தைக்கு நிகரானவனும் ஆகிறான். எந்த ஐரோப்பியப் புலவனும் இதைவிடக் கொடிய முடிச்சை இட்டதாக நான் அறியேன். வெப்ஸ்டரின் மல்பி கோமகளைக் கொல்விக்கும் அவளுடைய உடன்பிறந்த சகோதரர்கள்தாம் இதற்குச் சற்று அருகில் வருகிறார்கள்.

ஊழ் என்ற சொல்லை எடுத்துக்கொண்டு வருகிறவர்களுக்கும் விடை சொல்லவேண்டும். கோவலன் இறந்தது முற்பிறப்பின் வினையால், ஆகவே இது பழிக்கதையன்று, விதியின் கதை என்பது அவர்கள் வாதம். அந்த முற்பிறப்புக் கதையை அவர்கள் நின்று கேட்டார்களா? மதுராபதித் தெய்வம் கண்ணகிக்குச் சொல்வது என்ன? முற்பிறப்பில் பரதன் என்ற பெயரோடிருந்த கோவலன், சங்கமன் என்னும் வணிகனை ஒற்றன் என்று பொய்ப்பழி சுமத்தி அரசனைக்கொண்டு கொல்வித்தான். சங்கமனின் மனைவி நீலி பதினான்கு நாள் தெருத்தெருவாய் அரற்றித் திரிந்து, மலையேறி விழுந்து உயிர்விட்டாள். எனக்கு இழைத்ததை இழைத்தவர் தாமும் அடைக என்று அவள் இட்ட சாபமே மதுரையில் வந்து பலித்தது. இது பொய்க் குற்றச்சாட்டினால் நிகழ்ந்த இன்னொரு கொலை; விசாரியாத இன்னோர் அரசன்; கேட்பாரற்று அலைந்த இன்னொரு மனைவி. விதி என்று நம் பண்டிதர்கள் போற்றிவரும் திரையை நீக்கிப் பார்த்தால் அதன் பின்னாலும் ஒரு கேட்கப்படாத வழக்கே நிற்கிறது. நீலிக்கு மன்று கிடைக்கவில்லை, ஆகவே சாபமிட்டாள். கண்ணகிக்கு மன்று கிடைத்தது, ஆகவே வழக்குரைத்தாள். இரண்டு பெண்களுக்கும் இடையிலுள்ள இந்த வித்தியாசத்தில் இளங்கோவடிகளின் மேதை முழுவதும் இருக்கிறது என்பேன்.

மேடையில் மரணத்தைக் காட்டாத மரபு நம்முடையது என்ற வாதத்தைப் பற்றி அதிகம் சொல்ல அவசியமில்லை. அது தசரூபகம் முதலிய வடமொழி நாடக இலக்கணங்களின் விதி. அந்த வடமொழியிலேயே பாசனின் ஊருபங்கம் துரியோதனன் தொடை முறிந்து மடிவதை அரங்கிலேயே காட்டுகிறது. தொல்காப்பியரோ வெகுளி என்னும் மெய்ப்பாடு பிறக்கும் நிலைக்களங்களாக உறுப்பறுத்தல், குடிகெடுத்தல், அலைத்தல், கொலை என்ற நான்கையும் ஒளிவுமறைவின்றி எண்ணிவைத்திருக்கிறார். லண்டன் நாடகாசிரியர்கள் கையாண்ட பொருள்களுக்கு இதைவிடச் சுருக்கமான அட்டவணை வேண்டியதில்லை. எங்கள் வட்டக்களரியில் விடியவிடிய ஆடப்படும் வடமோடிக் கூத்துகளைப் பார்த்தவன் எவனும் மரணம் மறைக்கப்படுகிறது என்று சொல்லமாட்டான். பதின்மூன்றாம் போரில் அபிமன்யு தனித்து நின்று விழுவதையும், பதினெட்டாம் போரில் பழி முடிக்கப்படுவதையும் அண்ணாவியாரின் மத்தளம் ஒளிப்பதில்லை. விடியற்காலையில் மங்களம் பாடுவது உண்மையே. ஆனால் மங்களம் பாடுவது கூத்தைப் பார்த்த ஊருக்கு நன்மை வேண்டி. களத்தில் விழுந்தவர் விழவில்லை என்று சொல்வதற்கல்ல.

அவலநாடகம் என்பது மேனாட்டுக் கல்வியோடு வந்து, பல்கலைக்கழகத்தார் கூத்தைச் செம்மைப்படுத்தியபோதுதான் நம் அரங்குக்குள் நுழைந்தது என்றும் சிலர் எழுதுகிறார்கள். பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனையில் 1962இல் கர்ணன் போரையும் அதன் பின்னர் இராவணேசனையும் மேடையேற்றிச் செய்த தொண்டு அளப்பரியது. இராவணனாக மௌனகுரு ஆடிய ஆட்டத்தின் கீர்த்தி இன்றும் பேசப்படுகிறது. ஆயினும் அவர்கள் செய்தது கிராமத்தில் இருந்த அவலத்தை நகரத்துக் கண்ணுக்குப் புலப்படுத்தியதேயன்றி, இல்லாத அவலத்தைக் கொண்டுவந்து சேர்த்ததன்று. இதை அவர்களுக்கும் முன்னரே உணர்ந்திருந்தவர் ஒருவர் உண்டு. 1892இல் காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகள், 1926இல் வெளிவந்த மதங்கசூளாமணியில், ஷேக்ஸ்பியரின் நாடகங்களை எடுத்துக்காட்டியலிலும் தசரூபகத்தின் இலக்கணத்தை ஒழிபியலிலும் வைத்து, இரண்டையும் ஒரே நூலின் இரு அங்கங்களாகத் தமிழருக்குத் தந்தார். ஜேம்ஸ் மன்னன் காலத்துக் கொலையும் பழியும் நிறைந்த மக்பெத்தை அவர் மகபதி என்று தமிழ்ப் பெயரிட்டு அழைத்தபோது, அது நமக்கு அந்நியமான அநாகரிகம் என்று அவருக்குத் தோன்றவில்லை. கண்ணகை அம்மன் கோயிலுள்ள ஊரிலே பிறந்து வளர்ந்த ஒருவருக்கு அப்படித் தோன்றுவதற்கு நியாயமும் இல்லை.

இப்போது எல்லாவற்றிலும் முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். குளிர்த்தி என்பது மன்னித்தல், மறத்தல், சினத்தை அடக்குதல் என்று பொருள்படும் என்றும், பழியின் தீயை அணைப்பதே எங்கள் மக்களின் போதனை என்றும் சொல்லப்படும் வியாக்கியானம், கேட்பதற்கு இனிமையாக இருப்பதாலேயே அதிகத் தீங்கு செய்கிறது. நான் அதை மறுப்பதற்கு ஆதாரம் காதைகளின் வரிசை. குளிர்ச்சிக் காதை கொலைக்களக் காதையை அடுத்து வைக்கப்படவில்லை. இரண்டுக்கும் நடுவே வழக்குரைத்த காதை நிற்கிறது. சிலம்பு உடைந்து, உள்ளே இருந்த பரல் இன்னதென்று எல்லோரும் கண்டு, அரசன் தன் பிழையைத் தன் வாயால் ஒப்புக்கொண்ட இடம் நிற்கிறது. அதன் பின் மதுரை எரிகிறது. அதற்கும் பின்னரே இடைச்சேரியில் ஆய்ச்சியர் அவளைக் குளிர்விக்கிறார்கள். கோவலன் வெட்டுண்டு கிடந்த இடத்தில் வைத்து எவரும் அவளிடம், தாயே, குளிர்ந்துவிடு என்று சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அது அவளைக் குளிர்விப்பதாக இராது, அவளுடைய வாயைப் பொத்துவதாகவே இருந்திருக்கும். எங்கள் இரு கரையிலும், மாண்டவருக்காக எந்த மன்றிலும் வழக்குரைக்கப்படாத வீடுகள் இன்று எத்தனையோ இருக்கின்றன. அந்த வீட்டுப் பெண்களிடம் ஆறியிருங்கள், மறந்துவிடுங்கள் என்று புத்தி சொல்ல வருகிறவர்கள் கண்ணகை அம்மனின் குளிர்த்தியைத் தங்களுக்குத் துணையாக அழைக்கும்போது எனக்கு உண்டாகும் வேதனையை மறைக்க நான் விரும்பவில்லை.

பழிவாங்கல் நல்லதென்று நான் வாதாடுவதாக எவரும் நினைக்கவேண்டாம். பழி தன் எல்லையில் நிற்பதில்லை என்பதைச் சிலப்பதிகாரமே காட்டிவிடுகிறது. கொற்கையிலிருந்த வெற்றிவேற் செழியன், மழை வறந்து பஞ்சமும் நோயும் பரவியபோது, பொற்கொல்லர் ஆயிரம் பேரை அந்தப் பத்தினிக்குப் பலியிட்டான் என்று உரைபெறு கட்டுரை சொல்கிறது. ஒரு பொற்கொல்லன் சொன்ன பொய்க்கு ஆயிரம் பொற்கொல்லரின் கழுத்து! அந்த ஆயிரவரில் எவனும் சிலம்பைத் திருடியவனல்லன். நம் கற்புக் கதைப் பிரசங்கிகள் இந்த இடத்தைத் தொடாமல் கடந்துபோகிறார்கள்; லண்டன் நாடகங்களில் இரத்தம் அதிகம் என்று குறைகூறும் வாய் இதைப் பற்றித் திறப்பதே இல்லை. சங்கமனுக்குச் செய்த அநியாயம் கோவலனிடத்தும், கோவலனுக்குச் செய்த அநியாயம் ஆயிரம் குற்றமற்றவரிடத்தும் தொடர்ந்து வந்த அந்தச் சங்கிலியைக் கண்டு அஞ்சாதவன் மனிதனல்லன்.

இந்த அச்சத்தை லண்டன் நாடகாசிரியர்கள் நம்மைவிடக் கூர்மையாக உணர்ந்திருந்தார்கள் என்பதை ஒப்புக்கொள்வதில் எனக்குத் தயக்கமில்லை. விண்டிசே பழியை முடிக்கும் தறுவாயில் பழைய விண்டிசே அல்லன். வேஷம் போட்டுப் போட்டு, தன் சொந்தத் தங்கையையே பரீட்சிக்கும் தரகனாய் நடித்து, கொலையில் ருசி கண்டு, இறுதியில் தன் சாமர்த்தியத்தைத் தானே மெச்சிக்கொள்ளும் அளவுக்கு மாறிவிடுகிறான். புதிதாக ஆட்சிக்கு வந்த அந்தோனியோவிடம், கோமகனைக் கொன்றவர்கள் நாங்களே என்று அவன் பெருமையோடு சொல்ல, அந்தோனியோ மகிழ்ச்சியடைவதற்குப் பதிலாக, அவனைக் கொன்ற நீங்கள் நாளை என்னையும் கொல்வீர்கள் என்று கருதி, அவனையும் அவன் சகோதரனையும் உடனே கொலைக்களத்துக்கு அனுப்பிவிடுகிறான். தன் மனைவியின் சாவுக்குத் தான் தேடாத பழியை வேறொருவர் கையால் பெற்று, அந்தக் கையையே வெட்டுவிக்கிறவனின் அரசு நீதியரசாக விளங்குமா என்ற கேள்வியைத் திரை இறங்கும்போது மிடில்டன் நம்மிடம் விட்டுச் செல்கிறார். பழிவாங்கியவனுக்கு இந்நாடகங்கள் கண்ட முடிவு அநேகமாய் மரணமே. சகோதரர்களின் ஏவலால் மல்பி கோமகளைக் கழுத்து நெரித்துக் கொல்வித்த போசொலா பின்னர் அவளுக்காகவே பழிவாங்கத் துணிந்து, இருட்டில் ஆள் தெரியாமல் அவளுடைய கணவனையே குத்திவிட்டுத் தானும் மாய்கிறான்.

எங்கள் கரை வேறோர் உபாயத்தைக் கண்டது. நகரை எரித்தவளை அவர்கள் தூக்கிலிடவும் இல்லை, எரிந்துகொண்டே இருக்கும்படி விடவும் இல்லை. வேப்பிலையும் நீரும் கொண்டு, அவள் சினம் நியாயமானதென்று ஒப்புக்கொண்டு, அந்தச் சினம் அவளையும் ஊரையும் தின்றுவிடாதபடி ஆற்றினார்கள். அவளுக்கும் கோவலனுக்கும் உள்ள பிணக்கைக்கூட மூடிவைக்காமல், கோவலன் பக்கம் வடசேரியும் கண்ணகி பக்கம் தென்சேரியுமாக ஊரே இரண்டாய்ப் பிரிந்து நின்று கொம்புகளைப் பூட்டி இழுத்து முறிக்கும் கொம்பு விளையாட்டாக அதை வெட்டவெளியில் ஆடித் தீர்த்தார்கள். இதை வெறும் சாந்தம் என்று பெயரிட்டு அழைப்பது இதன் துணிவைக் குறைப்பதாகும். வழக்கு ஒருமுறை கேட்கப்பட்டது, தீர்ந்தது என்று ஏட்டைக் கட்டி வைத்துவிடவும் இல்லை. ஆண்டுதோறும் கதவைத் திறந்து, அந்தக் கொலையை முதலிலிருந்து கேட்டு, வழக்கை மறுபடி உரைத்து, அதன் பின்னரே மறுபடி குளிர்விக்கிறார்கள்.

என் அம்மம்மாவுக்கு எழுத்து வாசனை இல்லை. வழக்குரை முழுவதும் கேள்வியால் மனப்பாடம். அம்மாள் ஊரை எரித்தது பாவமில்லையா என்று சிறு பையனாக நான் கேட்டபோது, "சும்மா எரிக்கல்ல மனே, கேட்டுப்போட்டுத்தான் எரிச்ச" என்றார். அதற்கு மேல் விளக்கம் தரவில்லை. எனக்குப் பிடித்தது குளிர்த்தி இரவு மட்டுமே. பந்தலும் வெளிச்சமும் பொங்கலும் அன்றைக்குத்தான். மற்ற இரவுகளில் பாயைச் சுருட்டிக்கொண்டு அவருக்குப் பின்னால் நித்திரையாகிவிடுவேன். கொலைக்களக் காதை படிக்கும் இரவில் அவர் என்னைத் தோளைப் பிடித்து உலுக்கி எழுப்பி, நிமிர்த்தி உட்காரவைத்தார். சுற்றியிருந்த பெண்கள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு அழுதுகொண்டிருந்தார்கள். உடுக்கைக்காரர் கையை நிறுத்தியிருந்தார். படிக்கிறவரின் குரல் மட்டும் போய்க்கொண்டிருந்தது. அடுத்த இரவும், வழக்கு உரைக்கப்பட்டபோது, அப்படியே எழுப்பினார். நான் காத்திருந்த குளிர்த்தி இரவில் கண்ணயர்ந்தபோதோ அவர் என்னை எழுப்பவில்லை. விடிந்து பார்த்தபோது கதவு சாத்தியிருந்தது. என் நெற்றியிலும் தலைமயிரிலும் வேப்பிலை மணக்கும் குளிர்த்தித் தண்ணீர் இன்னும் காயாமல் இருந்தது.